எக்ஸ்ரே நார்மல், ஆனால் தொடை வீங்குகிறதா? உஷார்!

பைக் சறுக்கித் தார்ச்சாலையில் இடுப்போடு இழுபட்டவர்கள், பஸ் சக்கரம் காலில் ஏறி இறங்கியவர்கள், வண்டிக்கும் சுவருக்கும் நடுவே நசுங்கி மீண்டவர்கள் எல்லோரும் ஆஸ்பத்திரியில் ஒரே ஒரு வார்த்தைக்காகத்தான் காத்திருக்கிறார்கள். “எலும்பு முறியலைங்க. மாத்திரை போட்டுட்டு ரெஸ்ட் எடுங்க.” அதைக் கேட்டதும் கூட வந்தவர்களுக்கு உயிர் வருகிறது. எக்ஸ்ரேயைக் கவரில் போட்டுக்கொண்டு வீட்டுக்குக் கிளம்பிவிடுகிறார்கள்.

தயவுசெய்து அவசரப்படாதீர்கள். அந்த எக்ஸ்ரே எலும்பைப் பற்றி மட்டும்தான் பேசுகிறது. தோலுக்கும் தசைக்கும் நடுவே நடந்திருக்கும் சேதம் அதில் தெரியாது. மேல்தோலில் சிராய்ப்பைத் தவிர ஒன்றும் இல்லாமல், உள்ளே ஒரு சாண் அகலத்துக்குத் தோல் தசையை விட்டுப் பிரிந்து கிடக்கலாம். ‘வெறும் ஊமைக்காயம்தானே’ என்று விட்டுவிட்டால், சில நாட்களில் அந்த இடம் வீங்கித் தளும்பும். சிலருக்குத் தோல் கறுத்துச் செத்துப்போகும், சிலருக்குச் சீழ் வைத்து உயிருக்கே உலை வைக்கும்.

மருத்துவ நூல்களில் இதற்கு மொரேல்-லவல்லே காயம் என்று பெயர். விக்டர் மொரேல்-லவல்லே என்ற பிரெஞ்சு அறுவை மருத்துவர் 1853-ல் இதைப் பற்றி எழுதினார். 1863-ல் விரிவான கட்டுரை ஒன்றையும் வெளியிட்டார். நூற்றி எழுபது ஆண்டுகளாக மருத்துவ உலகத்துக்குத் தெரிந்த காயம் இது. ஆனாலும் சுமார் மூன்றில் ஒரு பங்கு நோயாளிகளுக்கு முதல் பரிசோதனையில் இது கண்ணில் படாமலே போகிறது என்று மருத்துவ இலக்கியம் திரும்பத் திரும்ப எச்சரிக்கிறது.

உள்ளே நடப்பது என்ன?

தோலுக்குக் கீழே கொழுப்பு அடுக்கு இருக்கிறது. அதற்கும் கீழே, தசையை இறுக்கிப் போர்த்தியபடி ஃபேசியா என்ற உறுதியான வெள்ளைப் படலம். தசையிலிருந்து சின்னச் சின்ன ரத்தக் குழாய்கள் இந்தப் படலத்தைத் துளைத்துக்கொண்டு மேலே வந்து, கொழுப்புக்கும் தோலுக்கும் ரத்தம் கொடுக்கின்றன. நிணநீர்க் குழாய்களும் தோலுக்கு உணர்ச்சி தரும் நரம்புகளும் இதே வழியாகத்தான் வருகின்றன.

நேராக அடிபட்டால் நசுங்கும். ஆனால் சாலையில் உரசி இழுபடும்போது விசை பக்கவாட்டில் பாய்கிறது. தோலும் கொழுப்பும் ஒரு பக்கம் இழுக்கப்படுகின்றன. படலமும் தசையும் இருந்த இடத்திலேயே நிற்கின்றன. நடுவிலிருக்கும் பிடிப்பு முழுவதும் அறுந்துபோகிறது. வெளிப்பூச்சு வெடிக்காமலே சுவரை விட்டு விலகி, தட்டிப் பார்த்தால் பொள்ளலாக ஒலிக்கும் பழைய வீட்டுக் காரையின் நிலைமைதான் அந்தத் தோலுக்கு.

இப்படி உண்டான வெற்றிடத்தில் அறுந்த குழாய்களிலிருந்து ரத்தம் கசிகிறது, நிணநீர் ஊறுகிறது, நசுங்கிய கொழுப்பு துணுக்குத் துணுக்காக மிதக்கிறது. சாதாரண ரத்தக்கட்டு உறைந்து நாளடைவில் கரைந்துவிடும். இங்கே நிணநீர் ஊறிக்கொண்டே இருப்பதால், குழி தானாக மூட வாய்ப்பு குறைவு. கீழிருந்து வந்த ரத்தம் நின்றுபோனதால் மேலே இருக்கும் தோல் பட்டினி கிடக்கிறது. அதோடு உள்ளே தேங்கும் திரவமும் அதை அழுத்துகிறது. காலம் கடந்தால் உடம்பு இந்தத் திரவத்தைச் சுற்றி நார்த்திசுவால் ஓர் உறை கட்டிவிடும். உறை கட்டிவிட்டால் கட்டுப் போட்டோ ஊசியால் உறிஞ்சியோ குணப்படுத்துவது மிகக் கடினம்.

யாருக்கு? எந்த இடத்தில்?

அதிகம் வருவது இடுப்பின் பக்கவாட்டில், கையை வைத்தால் எலும்பு மேடு தட்டுப்படுமே, அங்கே. அடுத்து தொடை, இடுப்பெலும்புப் பகுதி, முழங்கால், பிட்டம், கீழ்முதுகு. வயிற்றிலும் கெண்டைக்காலிலும் அபூர்வமாக வரும். கொழுப்பு அடுக்கு தடிமனாக இருப்பவர்களுக்கு வாய்ப்பு அதிகம். உடல் பருமனானவர்களும் பெண்களும் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். டயர் ஏறிய காலில் எலும்பு தப்பியிருந்தாலும் இந்தக் காயம் இருக்கிறது என்றே நினைத்துக்கொண்டு தேட வேண்டும். குழந்தையின் காலில் சக்கரம் ஏறியிருந்தால் இரட்டிப்புக் கவனம் தேவை.

சாலை விபத்தில் மட்டும்தான் வரும் என்றும் நினைக்க வேண்டாம். மைதானத்தில் முழங்கால் தரையில் உரச விழும் விளையாட்டு வீரர்களுக்கும் வருகிறது. அமெரிக்கக் கால்பந்து வீரர்கள் 24 பேரின் 27 முழங்கால்களில் இந்தக் காயம் கண்டறியப்பட்டதாக 2007-ல் ஒரு மருத்துவக் கட்டுரை வெளியானது. ‘கபடி ஆடும்போது முட்டி உரசிடுச்சு, அதான் வீக்கம்’ என்று விட்டுவிடும் நம் ஊர்ப் பிள்ளைகளும் இதைக் கவனிக்க வேண்டும்.

ஏன் கோட்டை விடுகிறோம்?

முதல் காரணம், வீக்கம் உடனே வருவதில்லை. சில மணி நேரத்தில் வரலாம், சில நாட்கள் கழித்தும் வரலாம். வாரக்கணக்கில் தாமதமாகி வந்தவர்களும் உண்டு. விபத்தன்று இரவு பார்த்த டாக்டரின் கைக்கு அங்கே எதுவும் தட்டுப்பட்டிருக்காது.

இரண்டாவது, பெரிய விபத்தில் தலைக்காயம், நெஞ்சு, வயிறு, முறிந்த எலும்பு என்று உயிர் காக்கும் வேலையே தலைக்கு மேல் இருக்கும். தோல் கிழியாத தொடையை யாரும் கவனிப்பதில்லை. அதிலும் மல்லாந்து படுத்திருப்பவரின் பிட்டத்தையும் கீழ்முதுகையும் புரட்டிப் பார்க்காவிட்டால் காயம் அப்படியே மறைந்திருக்கும்.

மூன்றாவது, வீட்டுக்கு வந்தபின் வீக்கம் தெரிந்தாலும் ‘ரத்தம் கட்டியிருக்கு, தானாக் கரைஞ்சிடும்’ என்று நமக்கு நாமே தீர்ப்பு எழுதிக்கொள்கிறோம்.

தமிழ்நாட்டில் 2021 டிசம்பரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம் - நம்மைக் காக்கும் 48’ திட்டத்தில், சாலை விபத்தில் சிக்கியவர்களின் முதல் 48 மணி நேர அவசர சிகிச்சைக்கு அரசு கை கொடுக்கிறது. பல உயிர்களுக்கு அந்த மணி நேரங்கள்தான் முக்கியம். ஆனால் இந்தக் காயம் மூன்றாம் நாளோ ஐந்தாம் நாளோகூடத் தலைகாட்டும். ‘48 மணி நேரம் தாண்டிவிட்டது, இனி பயமில்லை’ என்ற கணக்கு இங்கே செல்லாது.

கையால் தொட்டுப் பாருங்கள்

அடிபட்டவரைச் சாய்வாகப் படுக்க வைத்து, ஆடையை விலக்கி, நல்ல வெளிச்சத்தில் இரண்டு பக்கத் தொடையையும் இடுப்பையும் ஒப்பிட்டுப் பாருங்கள். அழுத்த வேண்டாம், உள்ளங்கையை மெல்ல வைத்தாலே போதும்.

அடிபடாத பக்கத்தில் தோலை லேசாக நகர்த்தினால் சிறிது தூரம் நகர்ந்து நின்றுவிடும். அடிபட்ட பக்கத்தில் பிடிப்பே இல்லாமல் தோல் இங்கும் அங்கும் வழுக்கிக்கொண்டு போனால் அது முதல் எச்சரிக்கை. ஒரு கையை வீக்கத்தின் ஓரத்தில் வைத்து, மறு ஓரத்தை விரலால் மெல்லத் தட்டும்போது உள்ளே திரவம் அலையாக ஓடி வந்து கையில் படுவது தெரிந்தால் அது இரண்டாவது. மூன்றாவதுதான் பலரும் தவறவிடுவது. சுத்தமான பஞ்சால் தோலை வருடி, “தெரியுதா?” என்று கேளுங்கள். “தோல் மரத்த மாதிரி இருக்கு” என்று பதில் வந்தால், அங்கே தோலுக்கு வரும் நரம்புகள் அறுந்திருக்கலாம்.

இவற்றோடு டயர் அச்சு, நாளுக்கு நாள் பரவும் கன்றிய நிறம், அளவில் கூடிக்கொண்டே போகும் மெத்தென்ற வீக்கம் இருக்கிறதா என்றும் பாருங்கள். வீக்கத்தின் எல்லையைப் பேனாவால் குறித்து வையுங்கள். மறுநாள் வீக்கம் கோட்டைத் தாண்டியிருந்தால் காத்திருக்க வேண்டாம். வலி அதிகம் இல்லையே என்று ஏமாந்துவிடாதீர்கள். உணர்ச்சி போன தோலில் வலியும் குறைவாகத்தான் இருக்கும்.

இவற்றைச் செய்யவே செய்யாதீர்கள்!

எண்ணெய் தேய்த்து நீவி விடாதீர்கள். கட்டுப் போடும் இடங்களில் உருவி விடுவதும் இதே தவறுதான். மிச்சமிருக்கும் கொஞ்சநஞ்சப் பிடிப்பையும் அது அறுத்து, குழியைப் பெரிதாக்கும். காலின் ஆழமான ரத்தக் குழாயில் ரத்தம் உறைந்திருந்தாலும் கால் வீங்கும். அந்தக் காலை உருவினால் உறைகட்டி பெயர்ந்து நுரையீரலை அடைக்கக்கூடும்.

சூடான ஒத்தடம் வேண்டாம். புளியும் உப்பும் கரைத்துக் கொதிக்க வைத்து, சூட்டோடு போடும் பத்தும் வேண்டாம். மரத்துப்போன தோலுக்குச் சூடு தெரியாது. ஏற்கெனவே ரத்தம் இல்லாமல் தவிக்கும் தோல் வெந்துபோகும். ஐஸ் வைப்பதானாலும் துணியில் சுற்றி, சில நிமிடங்கள் மட்டும்.

ஊசியால் குத்தித் தண்ணீரை எடுத்துவிடலாம் என்று யாராவது கிளினிக்கில் சொன்னால், ஸ்கேன் பார்க்காமல் சம்மதிக்காதீர்கள். கிருமி உள்ளே போக அந்த ஒரு குத்துப் போதும். உள்ளே தேங்கிய ரத்தமும் செத்த கொழுப்பும் கிருமிகள் செழிக்கத் தோதான இடம்.

ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறவர்கள் முதல் நாளே அதை டாக்டரிடம் சொல்லிவிட வேண்டும். அவர்களுக்குக் கசிவு எளிதில் நிற்காது. அதற்காக மாத்திரையை நீங்களே நிறுத்தவும் கூடாது. சர்க்கரை நோயாளிகள் ஒரு நாளைக்கூடத் தள்ளிப்போடக் கூடாது.

என்ன ஸ்கேன் கேட்க வேண்டும்?

எக்ஸ்ரேயில் அதிகபட்சம் தோலடி வீக்கத்தின் நிழல்தான் தெரியும். அல்ட்ராசவுண்ட் ஸ்கேன் போதுமான முதல் படி. கொழுப்புக்கும் ஃபேசியாவுக்கும் நடுவே திரவம் படிந்திருப்பதையும், அதில் கொழுப்புத் துணுக்குகள் மிதப்பதையும் அது காட்டும். செலவு குறைவு, கதிர்வீச்சு இல்லை, படுக்கையருகிலேயே எடுக்கலாம். பெரிய விபத்தில் எப்படியும் சி.டி. எடுப்பார்கள். அதில் எலும்பையும் குடலையும் பார்க்கும் கண், தோலடித் திரவத்தையும் ஒரு முறை தேட வேண்டும். காயத்தின் பரப்பு, வயது, உறை கட்டியிருக்கிறதா என்பதையெல்லாம் துல்லியமாகச் சொல்வது எம்.ஆர்.ஐ.

நாட்பட்டுப்போன காயத்துக்கு எம்.ஆர்.ஐ. மிகவும் அவசியம். பழைய விபத்தை நோயாளியே மறந்திருப்பார். தொடையில் வளரும் கட்டியைப் பார்த்துப் புற்றுநோயோ என்று பயப்படுவார். சில நேரம் இதற்கு நேர்மாறாகவும் நடக்கும். நிஜமான தசைப் புற்றை ‘பழைய அடி’ என்று தள்ளிவிடும் ஆபத்து அது. ஆகவே பழைய விபத்துகளைப் பற்றி டாக்டரிடம் ஒன்று விடாமல் சொல்லுங்கள்.

சிகிச்சை இருக்கிறது, சீக்கிரம் போனால்

காயம் சிறியதாக, புதிதாக, மேல்தோல் உயிரோடு, அடியில் எலும்பு முறிவில்லாமல் இருந்தால் ஓய்வும் அழுத்தக் கட்டும் போதுமாக இருக்கலாம். அந்தக் கட்டு எவ்வளவு இறுக்கம், எத்தனை வாரம் என்பதை மருத்துவர்தான் தீர்மானிக்க வேண்டும். வீட்டிலேயே கிரேப் பேண்டேஜை இழுத்துக் கட்டினால், தோலுக்கு வரும் மிச்ச ரத்தமும் நின்றுபோகும். கட்டியபின் கால்விரல் நீலமானாலோ மரத்தாலோ உடனே தளர்த்த வேண்டும்.

திரவம் அதிகமிருந்தால் ஊசியால் உறிஞ்சுவது மட்டும் பெரும்பாலும் போதாது. அமெரிக்காவின் மேயோ கிளினிக் 79 நோயாளிகளை ஆராய்ந்து 2014-ல் முடிவுகளை வெளியிட்டது. உறிஞ்சிய பின்னும் திரும்ப வந்த காயங்களில் 83 சதவீதத்தில் 50 மில்லிலிட்டருக்கு மேல் திரவம் எடுக்கப்பட்டிருந்தது. குணமான காயங்களில் அப்படி எடுக்கப்பட்டவை 33 சதவீதம்தான். 50 மில்லிலிட்டர் தாண்டினால் அறுவை சிகிச்சையை யோசியுங்கள் என்பது அந்த ஆய்வு தரும் பாடம். அதைக் கேட்டு நோயாளி அலற வேண்டாம், “ஊசி போட்டு எடுத்துட்டா போதாதா?” என்று மருத்துவரை நெருக்கவும் வேண்டாம்.

அறுவை சிகிச்சை என்றால் எப்போதும் நீளமாகக் கிழிப்பது என்று அர்த்தமில்லை. 2006-ல் வெளியான ஓர் ஆய்வில், 19 நோயாளிகளுக்கு அடிபட்ட மூன்று நாட்களுக்குள் சின்னத் துளைகள் போட்டுத் திரவத்தை வடித்து, பிளாஸ்டிக் பிரஷ்ஷால் செத்த கொழுப்பைச் சுரண்டி எடுத்து, உப்புநீரால் கழுவி, டிரெயின் குழாய் வைத்தார்கள். 24 மணி நேரத்தில் 30 மில்லிலிட்டருக்குக் கீழே கசிவு குறைந்த பிறகே குழாயை எடுத்தார்கள். இதெல்லாம் சீக்கிரம் வந்தவர்களுக்குத்தான் கைகூடும்.

தாமதமானால் பாதை கரடுமுரடு. தோல் செத்திருந்தால் அதை வெட்டியெடுத்து, வேக்குவம் டிரெஸ்ஸிங் வைத்து, குழி சுத்தமானபின் தோல் ஒட்டு அறுவை சிகிச்சை. உறை கட்டியிருந்தால் அந்த உறையையே வெட்டியெடுத்து, தோலைப் படலத்தோடு சேர்த்துத் தைத்து வெற்றிடத்தை மூட வேண்டும். டாக்சிசைக்ளின் போன்ற மருந்தை உள்ளே செலுத்தி, குழியின் சுவர்களை ஒட்டவைக்கும் முறையும் தேர்ந்தெடுத்த சிலருக்கு உதவுகிறது. எலும்பு மருத்துவரும் பிளாஸ்டிக் சர்ஜனும் சேர்ந்து முடிவெடுக்கும் ஆஸ்பத்திரியாக இருந்தால் நல்லது.

எலும்பும் முறிந்திருந்தால் ஆபத்து இரட்டிப்பு

இடுப்பெலும்பு முறிந்து பிளேட் வைக்கப் போகும் நோயாளிக்கு, கத்தி வைக்கும் இடத்திலேயே இந்தக் காயம் இருந்தால் என்ன ஆகும்? 1997-ல் ஹாக், ஓல்சன், மட்டா என்ற மூன்று அமெரிக்க எலும்பு அறுவை மருத்துவர்கள், இடுப்பெலும்பு முறிவோடு இந்தக் காயமும் இருந்த 24 பேரின் விவரங்களை வெளியிட்டார்கள். தோல் கிழியாத அந்தக் காயங்களிலிருந்து எடுத்த மாதிரிகளில் 24-க்கு 11-ல் கிருமி வளர்ந்தது. கிட்டத்தட்ட இருவரில் ஒருவர். கிருமி இருக்கும் குழி வழியாகப் போய்ப் பிளேட்டையும் ஸ்குரூவையும் வைத்தால், செப்டிக் எலும்பு வரை இறங்கிவிடும்.

அதனால் அறுவை சிகிச்சைக்கு முன் குடும்பத்தார் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. “சார், அடிபட்ட பக்கம் தோலுக்கடியில தண்ணி கோத்திருக்கா, ஸ்கேன்ல பார்த்துட்டீங்களா?” இதைக் கேட்பது மரியாதைக் குறைவு ஆகாது. நல்ல டாக்டர் இதற்காக உங்களிடம் கோபிக்க மாட்டார்.

அவசர சிகிச்சைப் பிரிவில் இரவும் பகலும் உழைக்கும் இளம் மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும் ஒரு விண்ணப்பம். முதல் நாள் பரபரப்பு அடங்கியபின், தலை முதல் கால் வரை மீண்டும் ஒரு முறை கையை வைத்துப் பாருங்கள். நோயாளியைப் புரட்டி முதுகையும் பிட்டத்தையும் பாருங்கள். வீட்டுக்கு அனுப்பும்போது, “வீக்கம் வந்தா உடனே திரும்ப வாங்க” என்பதை டிஸ்சார்ஜ் சீட்டில் தமிழில் எழுதிக் கொடுங்கள். வாயால் சொன்னதை அந்தப் பதற்றத்தில் யாரும் நினைவில் வைத்திருக்க மாட்டார்கள்.

உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய அறிகுறிகள்

• வீக்கத்தின் மேல் தோல் கருநீலமாகவோ கறுப்பாகவோ மாறுவது, கொப்புளம் எழுவது.

• காய்ச்சல், குளிர் நடுக்கம், சிவப்பு பரவுவது, துர்நாற்றம்.

• தலைசுற்றல், வியர்வை, படபடப்பு. தொடையும் இடுப்பும் ஏராளமான ரத்தத்தை வெளியே தெரியாமல் உள்ளேயே தேக்கிக்கொள்ளும்.

• கால் கல்லாக இறுகி, தாங்க முடியாத வலி வந்து, விரல்கள் மரப்பது.

• திடீர் மூச்சுத்திணறல் அல்லது நெஞ்சுவலி.

இவற்றில் ஒன்று இருந்தாலும் விடியட்டும் என்று பார்க்காதீர்கள், 108-ஐ அழையுங்கள்.

இன்னொன்றும் முக்கியம். ‘சின்ன விபத்துதானே, சமாதானமாப் போயிடலாம்’ என்று ஆஸ்பத்திரிப் பக்கமே போகாமல் இருப்பவர்கள் பலர். முதல் நாளே அரசு மருத்துவமனைக்குப் போய் ஏ.ஆர். எனப்படும் விபத்துப் பதிவேட்டில் பதிவு செய்து, எந்தப் பக்கம் அடி, எப்படி விழுந்தார் என்பதை எழுதச் சொல்லுங்கள். பத்து நாள் கழித்து வீக்கம் வரும்போது, “தார்ச்சாலையில் இழுபட்டவர்” என்ற அந்த ஒரு வரி அடுத்த டாக்டரைச் சரியான திசையில் யோசிக்க வைக்கும். பிறகு காப்பீடு கேட்கும்போதும் அதுதான் ஆதாரம்.

அடிபட்ட நாளிலிருந்து குறைந்தது இரண்டு வாரம், தினமும் ஒரு முறை அந்த இடத்தை வெளிச்சத்தில் பாருங்கள், தொட்டுப் பாருங்கள். வீக்கம் தளும்பினாலோ தோல் மரத்தாலோ எண்ணெய்க் கிண்ணத்தை எடுக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போய், “ரோட்டில் உரசி விழுந்தேன், இங்கே மரத்துப்போய் வீங்குது, அல்ட்ராசவுண்ட் எடுக்கணும்” என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். மூன்றாம் நாள் சின்னத் துளையில் முடிய வேண்டிய சிகிச்சையை, மூன்றாம் மாதம் தோல் ஒட்டு வரை இழுத்துவிடாதீர்கள்.